தம்பியின் கண்ணாடி

அக்கா கட்டிலுக்கு அடியில் தலையை விட்டுத் துழாவினாள். கையில் அகப்பட்டது பழைய கைபேசிகள் நிறைந்த அட்டைப்பெட்டி. அதற்குப் பின்னால் இன்னொரு பெட்டி. தம்பியின் மூக்குக்கண்ணாடியை மட்டும் காணோம்.

"இன்னுமா தேடுற? வண்டி வந்துடும்மா," என்றார் வாசலில் நின்ற சித்தப்பா.

"வரட்டும். கண்ணாடி இல்லாம அவன அனுப்ப மாட்டேன்."

கூடத்தில் குளிர்பெட்டிக்குள் கிடந்தவனைப் பார்க்கச் சகிக்கவில்லை. யாரோ போலிருந்தான். பள்ளிக்கூடம் போன காலத்திலிருந்து அந்த முகத்தில் கண்ணாடி இருந்தது. போகும்போதுமா இப்படி உயிரை வாங்க வேண்டும்?

இருந்தபோதும் இதே தொல்லைதான். தம்பி படம் எடுப்பவன். அதில் கதை கிடையாது, பாட்டு கிடையாது. குப்பைமேட்டில் எரியும் மின்கம்பிகள், நுரை தள்ளும் ஆறு, கைபேசியைப் பார்த்தபடியே அதைத் தாண்டிப்போகும் மனிதர்கள். பார்க்க வருகிற நாலு பேரில் இரண்டு பேர் தூங்கிவிடுவார்கள். ஊர்க்குப்பையையெல்லாம் படம் பிடித்தவன் வீட்டுக் குப்பையை ஒருநாள்கூட வெளியே வைத்ததில்லை.

ஒலிப்பதிவு என்று ஆரம்பித்தால் இன்னும் மோசம். "ஒரு நிமிஷம், யாரும் பேசாதீங்க" என்பான். வீட்டில் இருப்பதே இரண்டு பேர். மின்விசிறியை நிறுத்துவான், ஃபிரிட்ஜையும் அணைப்பான். அதன் இரைச்சல் பதிவில் விழுந்துவிடுமாம். முடிந்ததும் மறந்துபோய் ஸ்கூட்டரில் கிளம்பிவிடுவான். பால் கெட்டு, காய்கறி அழுகி, அவள் கத்தித் தீர்த்த பிறகு ஒரு வழி கண்டுபிடித்தான். அணைத்த கையோடு ஸ்கூட்டர் சாவியை ஃபிரிட்ஜுக்குள் வைத்துவிடுவது. சாவி எடுக்கத் திறந்தால் ஞாபகம் வந்துவிடுமே. ஸ்கூட்டரை விற்றதோடு அந்தக் கூத்தும் ஒழிந்தது என்று அவள் நிம்மதியாக இருந்தாள்.

நேற்று மாலை வேலை முடிந்து வந்தபோது நாற்காலியில் சாய்ந்திருந்தான். மடியில் ஒலிப்பதிவுக் கருவி. பேசாதே என்று கையைத் தூக்கவில்லை.

"அக்கா, கொஞ்சம் ஜில்லுனு தண்ணி கிடைக்குமா?" தம்பியோடு வேலை செய்த கேமராக்காரர் தயங்கிக்கொண்டே கேட்டார். அழுது அழுது அவர் கண்கள் வீங்கியிருந்தன.

ஃபிரிட்ஜைத் திறந்தாள். உள்ளே விளக்கு எரியவில்லை. கெட்ட பாலின் வாடை முகத்தில் அடித்தது. முட்டை வைக்கும் தட்டில் கண்ணாடி மடித்து வைக்கப்பட்டிருந்தது.

"பாவி. சாவி இல்லன்னா இதுவாடா?"

பின்னாலேயே வந்த கேமராக்காரர் மெல்லச் சொன்னார். "நேத்து போன்ல சொன்னாருக்கா. மெஷின் சத்தமே இல்லாம நம்ம வீடு எப்படி இருக்கும்னு கேக்கணும், அதத்தான் படத்தோட கடைசியில வைக்கப்போறேன்னு."

"கேட்டானா?"

"தெரியலக்கா."

வெளியே வண்டி ஹாரன் அடித்தது. அவள் கண்ணாடியை அழுத்தித் துடைத்து, குளிர்பெட்டியைத் திறந்து அவன் முகத்தில் மாட்டிவிட்டாள். இப்போது அவன் அவனாக இருந்தான். பெட்டி மட்டும் விடாமல் இரைந்துகொண்டிருந்தது.

குனிந்து அதன் சுவிட்சை அணைத்தாள்.

"என்னம்மா பண்ற?" சித்தப்பா பதறினார்.

"ஒரு நிமிஷம். யாரும் பேசாதீங்க."

கேமராக்காரர் எட்டி மின்விசிறியையும் நிறுத்தினார். கூடம் அடங்கியது. சரிபண்ணு, சரிபண்ணு என்று அவள் மாதக்கணக்காகச் சொல்லிக்கொண்டிருந்த சமையலறைக் குழாய் சொட்டிக்கொண்டிருந்தது.