பாசிமணி தூங்க வேண்டும்

படகு பட்டமரத்தின் மேல் மோதி ஏறிக்கொண்டபோது ஆளாளுக்குக் கடவுளைக் கூப்பிட்டார்கள். எலினாம் மட்டும் தன் மூடிகளைத் தேடினாள். பத்து வயசுப் பெண். மோதின வேகத்தில் அவள் பையிலிருந்த சோடா மூடிகள் தெறித்து நாலா பக்கமும் உருண்டுவிட்டன.

"அம்மா, ஒரு சிவப்பு மூடியைக் காணோம்மா!"

"இங்க ஈரக்குலை நடுங்குது, இவளுக்கு மூடி காணோமாம்!" என்றாள் புகைமீன் வியாபாரி மான்சா. மூடி அவள் காலடியில்தான் கிடந்தது. குனிந்து எடுக்க அவள் உடம்பு இடம் கொடுக்கவில்லை. காலால் தள்ளிவிட்டாள். பயந்து கிடந்த சனத்துக்கு அதில் கொஞ்சம் சிரிப்பு வந்தது.

வோல்ட்டா ஏரியில் இது புதுசா என்ன? அணை கட்டினபோது மூழ்கின ஒரு காடே தண்ணீருக்கு அடியில் செத்து நிற்கிறது. ஜனவரியில் நீர் இறங்கினால் மரங்களின் மொட்டைத் தலை படகின் அடியைத் தேடிக்கொண்டு வரும். அன்றைக்குப் பாலைவனத்திலிருந்து ஹர்மட்டான் காற்று அள்ளிவந்த தூசி வேறு. சுற்றிலும் வெள்ளையாக மூடிக்கொண்டு, கரை எது, வானம் எது, தண்ணீர் எங்கே முடிகிறது, ஒன்றும் தெரியவில்லை. காலையில் அடித்த காற்றும் நின்றுபோய், ஏரி எண்ணெய் மாதிரி அசையாமல் கிடந்தது. போனில் சிக்னல் ஒரு கோடுகூட இல்லை.

படகுக்காரர் அக்பேகோ பின்பக்கத்துக் குழியில் எட்டிப் பார்த்தார். கசிகிற தண்ணீரை அள்ளிக் கொட்டுவதற்கான குழி அது. அதில் அரை வாளித் தண்ணீர்கூட இல்லை. நிமிர்ந்து, வாயெல்லாம் பல்லாக நின்றார்.

"ஒண்ணுமில்ல, ஒண்ணுமில்ல! கோழி அடையில உக்காந்த மாதிரி உக்காந்திருக்கு. நாளைக்கு ஜெமெனி சந்தை, பின்னால எத்தனை படகு வருது! எவனாவது கயிறு போட்டு இழுத்துவிடுவான். அதுவரைக்கும் ஒருத்தரும் இடத்தை விட்டு எந்திரிக்கக் கூடாது. மான்சா, உன்னைத்தான் முக்கியமா சொல்றேன்."

"நான் எந்திரிச்சா உன் படகு தானே மிதந்துடும்ணே, பாரம் பாதி குறையும்" என்றாள் மான்சா.

எல்லாரும் சிரித்தார்கள். எலினாமின் அம்மா யாவா சிரிக்கவில்லை. அவள் முன்பக்கத்து இடப்புறம் குவிந்திருந்த தன் கிழங்குகளையே பார்த்துக்கொண்டிருந்தாள். ஒவ்வொன்றும் முழ நீளத்துப் பெருவள்ளிக் கிழங்கு, ஆள் உயரத்துக்கு அடுக்கு. புருஷன் செத்த நாளிலிருந்து அவளும் மகளும் அவனுடைய அண்ணன் வீட்டுச் சமையல்கட்டில் படுக்கிறார்கள். அந்த ஆள் விடியற்காலையில் சொல்லாமல் கொள்ளாமல் வந்து, கதவே இல்லாத வாசலில் நின்றுகொண்டு "இன்னும் அடுப்பு பத்தலையா?" என்பான். எலினாம் தூக்கத்தில் துணியை இழுத்து மூடிக்கொள்வாள். இந்த அடுக்கு நாளைக்கு விற்றால் ஜெமெனியில் ஒரு அறை. கதவு உண்டு, பூட்டு உண்டு, சாவி யாவாவின் இடுப்பில். அவ்வளவுதான் அவளுக்கு வேண்டியது. அதற்குத்தான் ஒரு பருவம் முழுக்க நாயாய் அலைந்து இந்தக் கிழங்கைச் சேர்த்திருந்தாள்.

ஏற்றும்போதே அக்பேகோ சொன்னார், "முன்குழி மேல அடுக்காதே தங்கச்சி, தண்ணி வந்தா எப்படி இறைக்கிறது?" என்று. "அதான் பின்குழி இருக்கேண்ணே! வேற எடம் ஏது?" என்று அழாக்குறையாகக் கெஞ்சி, அந்தக் குழியை மூடித்தான் அடுக்கியிருந்தாள்.

இதற்குள் எலினாம் ஆட்டத்துக்குத் தயாராகிவிட்டாள். மான்சாவின் காலி மீன்கூடையைக் கவிழ்த்து, அதன் மேல் தன் பலகையைப் போட்டாள். எதிரே அக்பேகோவின் தங்கை மகன் கோமி சம்மணம் போட்டு உட்கார்ந்தான். அவளைவிட ஒரு வயசு மூத்தவன், வாய்க்கு மட்டும் நாலு வயசு கூட. பலகையில் முகப்பவுடரைத் தூவி உள்ளங்கையால் தேய்த்தார்கள். இந்தக் கோடிக்கு ஒரு பாதித் தீப்பெட்டி, அந்தக் கோடிக்கு ஒரு பாதி. அதுதான் கோல். இவளுக்குச் சிவப்பு மூடிகள், அவனுக்குப் பச்சை. பந்துக்கு ஒரு நீலப் பாசிமணி.

ஆட்டம் தொடங்குமுன் மணியை நடுவில் வைத்துக் கையை எடுக்க வேண்டும். மணி உருளாமல் நின்றால் "தூங்கிடுச்சு" என்று அர்த்தம். மணி தூங்காத பலகையில் அந்த ஏரிக்கரைப் பிள்ளை ஒன்றும் ஆடாது. தூங்கின மறுநிமிஷம் பேய் பிடித்த மாதிரி ஆடுவார்கள். ஒருவர் நகத்தால் மூடியைச் சுண்டி மணியை அடிக்க, எதிராளி அடுத்த கணமே அடிக்க வேண்டும். மூணு எண்ணுவதற்குள் அடிக்காவிட்டால் முறை போச்சு.

"தூங்கிடுச்சு!" என்றாள் எலினாம்.

டக், டக், டக்கென்று மூடிகள் பறந்தன. "ஒண்ணு ரெண்டு மூ—" "அடிச்சுட்டேன்டா, கண்ணு தெரியலையா?" "அடிச்சியா, தடவிக் குடுத்தியா?" பார்த்துக்கொண்டிருந்தவர்களுக்கும் கொஞ்ச நேரம் ஏரி மறந்துபோனது. முதல் ஆட்டம் எலினாமுக்கு.

இரண்டாவது ஆட்டத்தில் வம்பு வந்தது. யாருமே அடிக்காதபோது மணி தானாக நகர்ந்து, கிழங்கு அடுக்கின் பக்கம் இருந்த கோமியின் கோலுக்குள் போய் விழுந்தது.

"திருட்டுக் கழுதை! முட்டியால பலகையைத் தூக்குற!" என்று கத்தினான் கோமி.

"என் முட்டி எங்க இருக்கு பாருடா! தோக்கத் தெரியலைன்னா போய் உங்க மாமா மடியில படு!"

இடம் மாறி உட்கார்ந்தார்கள். இப்போது மணி எலினாமின் கோலுக்குள் போனது. கிழங்கு இருந்த பக்கம்தான் தாழ்வு என்று இருவருக்கும் புரிந்தது. எலினாம் ஒரு பிஸ்கட் உறையை மடித்து அந்தப் பக்கத்துப் பலகைக்கு அடியில் சொருகினாள். மணி தூங்கியது. ஒரு ஆட்டம் நடந்தது. அடுத்த ஆட்டத்துக்கு வைத்தால் மணி மறுபடியும் உருண்டது. உறைக்கு மேல் உறை. பிறகு உறைகள் போதவில்லை.

"அம்மா, உன் செருப்பைக் குடு."

யாவா யோசிக்காமல் ஒரு செருப்பைக் கழற்றிக் கொடுத்தாள். கொடுத்த பிறகுதான் அவளுக்கு உறைத்தது. தூங்கிக்கொண்டிருந்த மணிக்கு இப்போது செருப்பு கனத்துக்கு முட்டு வேண்டியிருக்கிறது. பலகை அதே பலகை, கூடை அதே கூடை. அப்படியென்றால் சாய்கிறது எது?

நிமிர்ந்து பார்த்தாள். எதைப் பார்த்துத் தெரிந்துகொள்வது? சுற்றிலும் வெறும் வெள்ளை. படகில் இருந்த அத்தனை பேரும் படகோடு சேர்ந்து சாய்ந்திருந்தார்கள், ஒருத்தருக்கும் தெரியவில்லை. அவள் சோம்பல் முறிப்பவள் போலக் கிழங்கு அடுக்கின் மேல் சாய்ந்து, இரண்டு கிழங்குகளுக்கு நடுவே கையை நுழைத்தாள். முழங்கை போனது, தோள் வரை போனது. விரல் நுனியில் தண்ணீர் தட்டியது.

கையை எடுத்துத் துணியில் துடைத்துக்கொண்டு உட்கார்ந்தாள்.

ஏரியில் ஆபத்து என்றால் முதலில் சுமைதான் தண்ணீருக்குப் போகும். சொந்தக்காரர் வாய் திறக்கக் கூடாது, யாரும் ஈடு கொடுக்க மாட்டார்கள். அது எல்லாருக்கும் தெரிந்த வழக்கம். மான்சாவின் மீன்கூடைகள் பஞ்சு கனம், அவற்றை எவன் தொடுவான்? முன்குழியை மூடிக்கொண்டு மலைபோல் நிற்பது யாவாவின் கிழங்கு. வாயைத் திறந்தால் அந்த நிமிஷமே அவளுடைய கதவும் பூட்டும் தண்ணீருக்குள். வாயைத் திறக்காவிட்டால்? பின்னால் படகு வரும். வந்துவிடும். அக்பேகோ அண்ணன் சொன்னாரே. கோழி மாதிரி உட்கார்ந்திருக்கிறது என்றாரே. மரம் தாங்கிக்கொள்ளாதா? இப்படியெல்லாம் தன்னையே ஏமாற்றிக்கொண்டு, ஆணியடித்த மாதிரி உட்கார்ந்திருந்தாள் அந்த மகராசி. எழுந்து ஓட இடமில்லை, உட்காரவும் முடியவில்லை. அப்படி ஒரு மத்தியானம் எதிரிக்கும் வரக் கூடாது.

மணி மறுபடி உருண்டது. எலினாம் பேசாமல் கையை நீட்டினாள். யாவா இன்னொரு செருப்பையும் கழற்றி, இந்தத் தடவை தானே குனிந்து, பலகைக்கு அடியில் சொருகிவிட்டாள். மகளின் கண் அம்மாவின் விரல்களில் துடைத்தும் போகாமல் ஒட்டியிருந்த ஈரச் சேற்றில் ஒரு கணம் நின்றது. பிறகு கிழங்கு அடுக்கைப் பார்த்தது. பிறகு பலகைக்குத் திரும்பியது.

அக்பேகோ பொழுது போகாமல் அந்தப் பக்கம் வந்தார்.

"என்னடா கோமி, பொம்பளைப் புள்ளைகிட்ட அடி வாங்குறியா?"

"பலகை சரியில்ல மாமா! எத்தனை தடவை வச்சாலும் மணி தூங்கவே மாட்டேங்குது. பாருங்க, ரெண்டு செருப்பு வச்சாச்சு."

அக்பேகோவின் சிரிப்பு நின்றது. குனிந்து செருப்புகளைப் பார்த்தார். "எப்பலேர்ந்து இப்படி?"

யாவா வெறுங்காலைத் துணிக்குள் இழுத்துக்கொண்டாள்.

"எப்பவுமே இப்படித்தான் மாமா" என்றாள் எலினாம், தலையை நிமிர்த்தாமல். "என் பலகை கோணல். மழையில நனைஞ்சு வளைஞ்சு போச்சு. வீட்லயும் செருப்பு வச்சுதான் ஆடுவோம்."

"அப்படியா?" அக்பேகோ பெருமூச்சு விட்டார். "நான் ஒரு நிமிஷம் பயந்தே போயிட்டேன். உங்கம்மாகிட்டச் சொல்லி நல்ல பலகையா வாங்கு." அவள் தலையில் தட்டிவிட்டுப் பின்பக்கம் போனார்.

நூல் பிடித்த மாதிரி நேரான பலகை அது. எலினாமின் அப்பா இழைத்துக் கொடுத்தது. ஒரு முடி அளவுகூட வளையாதது என்று ஊரெல்லாம் பீற்றிக்கொள்வாள்.

கோமி தண்ணீர் குடிக்க எழுந்து போனதும் எலினாம் அம்மாவின் பக்கத்தில் ஒட்டி உட்கார்ந்தாள். காதுக்குள் பேசினாள்.

"அம்மா, பலகை மரம்தானே? மிதக்கும்ல?"

"ஏன்டி?"

"நம்ம ரெண்டு பேருக்கும் நீந்தத் தெரியாதே. நான் இந்தக் கோடியைப் பிடிச்சுக்கிறேன், நீ அந்தக் கோடியைப் பிடிச்சுக்கோ. கோமிக்கு நீந்தத் தெரியும். மான்சா அத்தைக்குத்தான் என்ன பண்றதுன்னு தெரியல."

யாவா எழுந்தாள். மேல் அடுக்கிலிருந்து கைக்கு அகப்பட்ட பெரிய கிழங்கைத் தூக்கி, ஓங்கி ஏரிக்குள் எறிந்தாள். அடுத்ததையும் எறிந்தாள்.

"ஏய்! பைத்தியம் பிடிச்சிருச்சா? உக்காரு, படகு ஆடுது!" என்று கத்திக்கொண்டு ஓடிவந்தார் அக்பேகோ.

"அடியில தண்ணிண்ணே! தோள் வரைக்கும் கையை விட்டுப் பாரு! படகு சாயுதுண்ணே, எறி! எல்லாத்தையும் எறி!"

அவர் கையை விட்டுப் பார்த்தார். முகம் சாம்பலாகிவிட்டது. அப்புறம் யார் யாரைக் கேட்டார்கள்? ஆளுக்கு ஆள் கை மாற்றி எறிந்தார்கள். முழ நீளத்துக் கிழங்குகள் ஒவ்வொன்றாய் முங்கின. முன்குழி வெளியே வந்தபோது அதில் ஒரு ஆள் இறங்கினால் இடுப்புத் தண்ணீர். முன்பக்கம் தாழ்ந்து கிடந்ததால் அதில் ஒரு சொட்டும் பின்குழிக்குப் போகவில்லை. அடிப்பலகை ஒன்று பிளந்து ஊற்று மாதிரி பொங்கிக்கொண்டிருந்தது. மான்சா தன் மேல்துணியை அவிழ்த்துக் கொடுத்தாள். அதைச் சுருட்டி ஓட்டையில் திணித்து அக்பேகோ காலால் மிதித்துக்கொண்டார். மற்றவர்கள் வாளி, சட்டி, தொப்பி, எது கிடைத்ததோ அதால் இறைத்தார்கள். இறைக்க இறைக்க இடப்பக்கம் மெல்ல எழும்பியது. இன்னும் கொஞ்சம் தாமதித்திருந்தால் படகு அப்படியே புரண்டிருக்கும் என்று அக்பேகோ சொன்னார்.

மான்சா மூச்சு வாங்கிக்கொண்டு யாவாவின் முகத்தை உற்றுப் பார்த்தாள். "உனக்கு இது எப்படித் தெரிஞ்சுது? எப்பத் தெரிஞ்சுது?"

யாவா வாயைத் திறப்பதற்குள் எலினாம் முந்திக்கொண்டாள். "இப்பதான் அத்தை. நான்தான் சொன்னேன்."

"நீ நல்லா இருப்படி" என்றாள் மான்சா. அந்த வாழ்த்து யாவாவின் நெஞ்சில் ஈட்டியாக இறங்கியது.

பொழுது சாய்கிற நேரம், தூசிக்குள்ளிருந்து ஒரு இயந்திரச் சத்தம் கேட்டது. வருகிற படகு இழுத்துவிடும். நாளைக்கு எல்லாரும் ஜெமெனியில் வியாபாரம் பார்ப்பார்கள். இவர்கள் இரண்டு பேரும் வெறுங்கையோடு அந்தச் சமையல்கட்டுக்கே திரும்ப வேண்டும். விடியற்காலையில் அந்தக் குரல் வாசலில் நிற்கும். வேறு போக்கு இல்லை.

எலினாம் நனைந்த கூடையைக் கவிழ்த்து, பலகையைத் துடைத்துப் போட்டாள். அடியிலிருந்து எடுத்து வைத்திருந்த இரண்டு செருப்புகளையும் அம்மாவின் காலடியில் வைத்தாள். நடுவில் பாசிமணியை வைத்துக் கையை எடுத்தாள். மணி அசையாமல் நின்றது.

"தூங்கிடுச்சும்மா. நீ ஆடுறியா?"

"எனக்கு ஆடத் தெரியாதுடி."

"மூடியைச் சுண்டணும், அவ்வளவுதான். ஆனா யோசிக்கக் கூடாது. மூணு எண்றதுக்குள்ள அடிக்கணும்." அவள் எண்ண ஆரம்பித்தாள். "ஒண்ணு…"

ஒரு மத்தியானம் முழுக்க யோசித்துக்கொண்டே உட்கார்ந்திருந்தோமே என்று யாவா நினைத்தாள். கண்ணில் முட்டின தண்ணீரில் எது சிவப்பு, எது பச்சை என்று தெரியவில்லை.

"ரெண்டு…" என்றாள் எலினாம், மெதுவாக, வேண்டுமென்றே இழுத்து. அவள் ஆட்டத்தில் இதுவரை யாருக்கும் அப்படி இழுத்து எண்ணினதே இல்லை.

யாவா சுண்டினாள்.