கட் சொன்ன பிறகு

இங்கே வெட்டிவிடு. வசனம் முடிந்துவிட்டது. இனி இந்த ஷாட்டில் உனக்கு ஒரு வேலையும் இல்லை.

எனக்கு நானே அப்படிச் சொல்லிக்கொண்டாலும் விரல் பொத்தானை அழுத்தவில்லை. திரையில் கதாநாயகி கடைசி வரியைச் சொல்லிவிட்டு, மூடிய கதவைப் பார்த்தபடி நின்றாள். டைரக்டரின் குரல் "கட்" என்றது. அதற்குப் பிறகும் கேமரா மூன்று நொடி ஓடியிருந்தது. அந்த மூன்று நொடியில் அவள் கண்கள் கதவை விட்டு நகர்ந்து, கேமராவுக்குச் சற்று இடப்பக்கம் யாரையோ தேடிப் போய்த் தங்கின. யாரை என்று எனக்குத் தெரியும். டைரக்டர் எப்போதும் அங்கேதான் நிற்பார்.

பன்னிரண்டு வருஷம், ஆறு படம். அவர் எடுப்பதையெல்லாம் நான்தான் எடிட் செய்கிறேன். பலர் 'கட்' காதில் விழுந்ததும் அடுத்த டேக்குக்குத் தாவிவிடுவார்கள். நான் மிச்சத்தையும் பார்ப்பேன். தொழில் அக்கறை என்று உடன் வேலை செய்பவர்கள் நினைத்துக்கொண்டார்கள். அந்த மிச்சத் துண்டுகளில்தான் அவர் குரல் இருந்தது. "நல்லா வந்துச்சும்மா" என்பார். லைட்காரரிடம் "சாப்டியாய்யா?" என்பார். யார் மேலாவது எரிந்து விழுந்துவிட்டு அசடு வழியச் சிரிப்பார். என் அறைக்கு வந்தால் "கத்திரி" என்று கூப்பிட்டுவிட்டு, திரையைப் பார்த்துக்கொண்டே எத்தனை நிமிஷம் குறையும் என்று மட்டும் கேட்பார். அவர் போன பிறகு ஹெட்போனை மாட்டிக்கொள்வேன்.

அக்காவிடம் ஒருமுறை வாய் தவறிச் சொல்லிவிட்டேன். அன்றிலிருந்து போன் செய்தாலே அதுதான் பேச்சு.

"என்னடி, இன்னிக்காவது சொன்னியா?"

"என்னத்தக்கா சொல்றது?"

"அம்பது மணி நேரத்த ரெண்டு மணி நேரமா சுருக்குறவளுக்கு ஒரு வரி சொல்லத் தெரியலையாக்கும்!"

அந்தப் பார்வையை நான் வெட்டி எறிந்திருக்கலாம். யாரும் கேட்டிருக்கப் போவதில்லை. ஆனால் அந்த மூன்று நொடி இல்லாமல் காட்சி உயிரில்லாமல் கிடந்தது. அது இருந்தால், போனவனுக்காக ஒருத்தி ஏங்குவது போலவே இருந்தது. நல்ல ஷாட்டைத் தூக்கிப்போட எனக்குக் கை வராது. 'கட்' என்ற குரலை மட்டும் எடுத்துவிட்டுப் பார்வையை வைத்துவிட்டேன்.

முதல் பிரதியைப் பார்க்க வந்த டைரக்டர் அந்த இடத்தில் நிறுத்தச் சொன்னார். திரும்பப் போடச் சொன்னார். நான்காவது தடவை பார்த்த பிறகு எழுந்து போனார். செல்போனைக்கூட மேசையிலேயே விட்டுவிட்டார்.

அதற்குப் பிறகு படம் வெளியாகி, ஓடி, எல்லாரும் அந்தப் பார்வையைப் பற்றியே பேசி ஓய்ந்த சமயம். ஒரு மத்தியானம், இரண்டு கப் டீயோடு வந்தார். உட்கார்ந்தார். முதல் முறையாகத் திரையைப் பார்க்காமல் என்னைப் பார்த்தார்.

"கத்திரி, உன்கிட்டதான் முதல்ல சொல்றேன். நாங்க ரெண்டு பேரும் அடுத்த மாசம் கல்யாணம் பண்ணிக்கிறோம்."

"சந்தோஷம் சார்."

"நீ மட்டும் அந்த ஷாட்ட வெக்கலன்னா எனக்கு உறைச்சே இருக்காது, தெரியுமா? கேமரா பக்கத்துலயே நின்னேன். மானிட்டரையே பாத்துட்டு இருந்திருக்கேன், மடையன்."

நான் டீயைக் குடித்தேன். சர்க்கரை போடச் சொல்லியிருந்தார். நான் சர்க்கரை போடுவதில்லை.

"ஒரு உதவி பண்ணணும். கல்யாணத்தன்னிக்குப் போடறதுக்கு அஞ்சு நிமிஷம். கட் சொன்னப்புறம் நாங்க பேசினது, சண்ட போட்டது, சிரிச்சது. எது எங்க கிடக்குன்னு உன்ன விட்டா யாருக்குத் தெரியும்?"

தெரியும்தான். மழைக் காட்சியின் ஏழாவது டேக்கில், சட்டைப் பொத்தானை மாற்றிப் போட்டிருக்கிறீர்கள் என்று அவள் சொல்வாள். அவர் குனிந்து பார்த்துச் சிரிப்பார். அந்தச் சிரிப்பை எத்தனை தடவை கேட்டிருக்கிறேன்! எதில் தொடங்கி எதில் முடிக்க வேண்டும் என்பதுகூட மனசு அதற்குள் அடுக்கிக்கொண்டிருந்தது. நான் செய்தால் மிக நன்றாக வரும். பார்க்கிறவர்கள் கண் கலங்குவார்கள்.

"பூட்டேஜ் எல்லாத்தையும் காப்பி போட்டுத் தர்றேன் சார். வேற யாராவது பண்ணட்டும்," என்றேன்.

"ஏன், நேரம் இல்லையா? அடுத்த வாரம்கூடப் போதும்."

"நேரம் இருக்கு சார். நான் பண்ணல."