கிணற்றடியில் நின்றவள்

1956 கோடையில் உத்தனப்பள்ளியில் இரண்டு பேச்சுகள் உலவின. ராஜ்யங்களைப் பிரிக்கும்போது ஓசூர் தாலுகா மைசூர் ராஜ்யத்துக்குப் போகப்போகிறது என்பது ஒன்று. அதற்கு நாராயணப்பன்தான் வீட்டுக்குள் உட்கார்ந்து எல்லைக்கோடு போடுகிறார் என்பது மற்றொன்று.

நாராயணப்பன் பெங்களூர்க் கல்லூரியில் சரித்திரம் கற்பித்தவர். நெஞ்சுவலி வந்தபின் வேலையை விட்டுவிட்டு, மனைவி சரோஜம்மாளுடன் சொந்த ஊருக்கு வந்து புத்தகம் எழுதிக்கொண்டிருந்தார். யுத்தங்கள் முடிந்து தேசங்களின் எல்லைகள் மாறும்போதெல்லாம் அங்கே பேய்க்கதைகள் ஏன் பெருகுகின்றன என்பதுதான் அவருடைய ஆராய்ச்சி. சுவரில் ஐரோப்பா படத்தை மாட்டி, பழைய எல்லைகள்மேல் புதிய எல்லைகளைச் சிவப்பு மசியால் வரைந்திருந்தார். ஜன்னல் வழியாக யாரோ அதைப் பார்த்துவிட்டார்கள்.

“ஏங்க, கடையில யாரும் எங்கூடப் பேச மாட்டேங்கறாங்க. அந்தப் படத்தைக் கழட்டிருங்க” என்றாள் சரோஜம்மாள்.

“கழட்டினா ஒளிச்சு வெச்சுட்டேம்பாங்க.”

ஒரு சாயங்காலம் பங்காளி திம்மராயன் ஊர்க்காரர்கள் சிலரோடு வந்து நின்றான்.

“அண்ணா, எங்க நெலம் எந்தப் பக்கம் போவுதுன்னு மட்டும் சொல்லிருங்க.”

நாராயணப்பன் எல்லோரையும் உள்ளே அழைத்துப் படத்தைக் காட்டினார். அது வேறு கண்டம் என்று விளக்கினார். அப்படியும் முகங்கள் தெளியவில்லை. எழுதியதிலிருந்து ஒரு பக்கத்தை எடுத்துப் படித்தார். ஐரோப்பாவில் எங்கோ ஒரு கிராமத்தில் புதிய எல்லைக்கோடு வீடுகளுக்கும் கிணற்றுக்கும் நடுவே விழுந்தது. அதன்பின் அந்தி நேரத்தில் கிணற்றடியில் முகமில்லாத ஒருத்தி நிற்பதாக ஊர் பேசத் தொடங்கியது.

“அந்தக் கெணறு அப்புறம் என்னாச்சுண்ணா?”

“யாரும் தண்ணி எடுக்கப் போகலை. தூர்ந்துபோச்சு.”

அவர்கள் படத்தைப் பற்றி மேற்கொண்டு எதுவும் கேட்காமல் கலைந்து போனார்கள். அன்று அவர் நிம்மதியாகத் தூங்கினார்.

அந்த வாரமே ஊரின் மேற்குக் கிணற்றுக்குப் பெண்கள் போவது நின்றது. அங்கே ஒருத்தி நிற்கிறாளாம். குட்டைத் தண்ணீரைக் குடித்துப் பிள்ளைகளுக்கு வயிற்றுப்போக்கு கண்டது. நாராயணப்பன் பதறிப்போய்த் திம்மராயன் வீட்டுக்கு ஓடினார். அவன் மனைவி பூவம்மாள் காய்ச்சலில் கிடந்த மகனின் தலைமாட்டில் உட்கார்ந்திருந்தாள்.

“அது நான் படிச்ச கதைம்மா. நம்ம ஊர்ல அப்படி ஒண்ணும் இல்லை.”

“நீங்க படிக்கறதுக்கு முந்தியே அவ இருந்திருப்பா மாமா. யாருன்னு எங்களுக்குத்தான் தெரியாம இருந்துச்சு.”

பயம் எப்படிப் பரவுகிறது என்று அத்தியாயம் அத்தியாயமாக எழுதிய நாராயணப்பன், அதை எப்படி நிறுத்துவது என்று ஒரு வரியும் எழுதியிருக்கவில்லை.

வீட்டில் இதைக் கேட்ட சரோஜம்மாள் குடத்தை எடுத்துக்கொண்டு கிளம்பினாள். பொழுது சாய்ந்துகொண்டிருந்தது. அவர் பின்னாலேயே போய் வரப்பில் நின்றார். அவள் ஊரே பார்க்க நீர் இறைத்து, அங்கேயே ஒரு வாய் குடித்துவிட்டுத் திரும்பினாள். மறுநாளும் போனாள். அதற்கடுத்த நாளும் போனாள். அப்புறம் பூவம்மாள் குடத்தோடு வந்து சேர்ந்துகொண்டாள். மெல்ல மற்றவர்களும் வந்தார்கள். தனியாக மட்டும் யாரும் வரவில்லை.

நவம்பரில் ராஜ்யங்கள் பிரிந்தன. ஓசூர் சென்னை ராஜ்யத்திலேயே இருந்தது. அன்று சாப்பிடும்போது நாராயணப்பன் கேட்டார்.

“மொத நாள் கெணத்துக்குப் போனியே, உனக்குப் பயமா இல்லையா?”

“இருந்துச்சு” என்றாள் சரோஜம்மாள். “நீங்க வரப்புல நின்னு நடுங்குனதைப் பாத்தப்புறம் இன்னும் ஜாஸ்தியாச்சு.”