குட்டையில் விழுந்த காட்டுமாடு

மலையூரான பூண்டியில் அந்த வருஷம் மழை ஏமாற்றிவிட்டது. ஜோதிமணியும் அவள் புருஷன் ஞானவேலும் கேரட் தோட்டத்து மேட்டில் குட்டை வெட்டி, தார்ப்பாய் விரித்து, ஓடைத் தண்ணீரைத் தேக்கியிருந்தார்கள். ஒருநாள் வெள்ளனே போய்ப் பார்த்தால், உள்ளே காட்டுமாடு.

ஒரு கொம்பு முறிந்த அதே மாடு. வேலியைச் சாய்த்துவிட்டுப் பாத்தி பாத்தியாகக் கேரட்டைத் தின்றது அதுதான். செத்துத் தொலையட்டும் என்று ஜோதிமணி எத்தனையோ தடவை சபித்திருக்கிறாள். இப்போது அது கழுத்தளவு தண்ணீரில் நின்று, முன்னங்காலைத் தூக்கித் தூக்கிக் கரையில் வைத்தது. தார்ப்பாய் வழுக்க, திரும்பத் திரும்ப உள்ளே சரிந்தது.

பக்கத்துத் தோட்டத்து மரியசெல்வம் பைக்கில் போய் வனத்துறையில் சொல்லிவிட்டு வந்தார். ஜீப் வர மத்தியானம் ஆகுமாம்.

"அதுவரைக்கும் தாங்காதுங்க," என்றாள் ஜோதிமணி.

"அதுக்கு நாம என்ன செய்ய? சோலியப் பாரு," என்றான் ஞானவேல்.

அவள் மண்வெட்டியை எடுத்துப் பள்ளத்துப் பக்கக் கரையை வெட்டத் தொடங்கினாள்.

"கிறுக்கா ஒனக்கு? நமக்குன்னு கெடக்குறதே இந்தத் தண்ணிதான்." ஞானவேல் அவள் கையைப் பிடித்தான். உதறிவிட்டு வெட்டினாள். எதற்காக வெட்டுகிறோம் என்று அவளுக்கே விளங்கவில்லை. ஞானவேல் ஏதோ முணுமுணுத்துக்கொண்டே இன்னொரு மண்வெட்டியோடு வந்தான்.

கரை உடைந்து தண்ணீர் பள்ளத்துக்கு ஓடியது. சரிந்த மண்ணில் குளம்பு பிடித்து மாடு மேலே ஏறவும், மூன்று பேரும் தகரக் கொட்டகைக்குப் பின்னால் ஓடினார்கள்.

நடுங்கியபடி நின்ற மாடு, காட்டுப் பக்கம் போகவில்லை. பாத்தியில் இறங்கித் தலையைத் தாழ்த்தி, கேரட்டை இலையோடு பிடுங்கித் தின்றது.

ஜோதிமணிக்கு எங்கிருந்துதான் அவ்வளவு ஆத்திரம் வந்ததோ. மண்கட்டியை எடுத்து எறிந்தாள். இன்னொன்றும் எறிந்தாள். மாடு தலையைத் தூக்கிப் பார்த்துவிட்டு, அவசரமில்லாமல் வேலியைத் தாண்டிப் போயிற்று. அது மரங்களுக்குள் மறைந்ததும் அவளுக்கு அழுகை வந்துவிட்டது.

"காப்பாத்தவும் செய்யுற, கட்டியெடுத்து எறியவும் செய்யுற," என்றான் ஞானவேல். "ஒனக்கு என்னதான் வேணும்?"

"தெரியலங்க."

அன்று முதல் ஓடையிலிருந்து குடம் குடமாகச் சுமந்தார்கள். பாதிப் பாத்தி கருகியது, பாதி தேறியது. கரையைத் திரும்பக் கட்டி முடித்ததும், குட்டையைச் சுற்றியும் வேலி போடச் சொன்னாள் ஜோதிமணி.

"இந்த வேலி யாருக்கு? நமக்கா, அதுக்கா?" என்று கேட்டான் ஞானவேல்.

ஜோதிமணி வேலிக்கம்பை ஆடாமல் பிடித்துக்கொண்டாள். அவன் அடித்து இறக்கினான்.