உடலைக் கேட்டவள்

பிணவறை வாசலில் நாலாவது நாளாக எல்லையம்மாள் உட்கார்ந்திருந்தாள். உள்ளே மூத்தவன் ரஞ்சித், பத்தொன்பது வயசு. வாட்ஸ்அப் ஸ்டேட்டஸில் யாரோ யாரையோ சீண்டியதில் ஆரம்பித்த சண்டை. பக்கத்துத் தெருப் பையன்கள் வெட்டிவிட்டார்கள். குற்றவாளிகளைப் பிடிக்கும்வரை உடலை வாங்கக் கூடாது என்பது ஊர் முடிவு. நேற்றே நாலு பேரைப் பிடித்தாயிற்று. ரஞ்சித்தின் கூட்டாளிகள் மட்டும் மசியவில்லை. முதல் வெட்டு வெட்டிய பரிதி இன்னும் வெளியேதான் இருக்கிறான், இப்போது வாங்கினால் நாம் தோற்றுவிட்டோம் என்று ஆகிவிடும் என்றார்கள். அவர்கள் நடுவில் சின்னவன் வீரமணியும் நின்றான். அவளுக்கு மிச்சம் அவன் ஒருவன்தான்.

அவள் பிள்ளைகள் இருவருக்கும், அந்தப் பரிதிக்கும் வரலாறு நடத்திய கனிமொழி டீச்சர் வந்தார். ஆறுதல் சொல்லத் தெரியாமல், பாவம், பழங்காலத்துக் கிரேக்க நாட்டைப் பற்றிப் பேசினார். அங்கே போர் ஓய்ந்ததும், செத்தவர்களின் உடலைக் கேட்டு ஆள் அனுப்புகிற பக்கம்தான் தோற்ற பக்கமாம். கேட்டால் ஜெயித்தவன் கொடுத்துவிடுவானாம். பெரும்பாலும் அத்தோடு சண்டை முடிந்துவிடுமாம். பரீட்சையில் அந்தக் கேள்விக்கு மூன்று பேரும் சரியாக எழுதினார்கள் என்று சொல்லும்போதே டீச்சருக்கு அழுகை வந்துவிட்டது.

“அப்ப, கேட்டா முடிஞ்சிருங்களா டீச்சர்?”

எல்லையம்மாள் எழுந்து போய், உடலை வாங்கிக்கொள்வதாகக் கையெழுத்துப் போட்டாள். தோற்பதில் அவளுக்கு ஒரு வெட்கமும் இல்லை. ஒரு பிள்ளையாவது மிஞ்சினால் போதும்.

வெண்ணாற்றங்கரையில் குழி தயாராக இருந்தது. தகப்பன் இல்லாத வீடு. தம்பிதான் மொட்டை போட்டுக் குடம் சுமக்க வேண்டும். முடி எடுப்பவர் தலையில் தண்ணீர் தெளிக்கப் போனபோது வீரமணி அந்தக் கையைத் தட்டிவிட்டான்.

“அந்தப் பரிதி தலைய எடுத்துட்டு வந்து மொட்ட போட்டுக்கிறேன். நீதான தோத்துட்டேன்னு எழுதிக் குடுத்த? நீயே கொடத்தத் தூக்கு.”

கூட்டாளிகளின் பைக்குகள் கிளம்பின. ஓடிப்போய், வீரமணி ஏறிய பைக்கின் பின்கம்பியைப் பிடித்தாள், கை நழுவிவிட்டது. புழுதி அடங்கும்வரை நடுரோட்டில் நின்றாள். யாரும் அவளைக் கூப்பிடவில்லை. பிறகு தானாகவே திரும்பி வந்து, மண்வெட்டியோடு நின்ற நல்லக்கண்ணுவிடம் சொன்னாள்.

“பக்கத்துல இன்னொரு ஆளுக்கு எடம் விட்டு வைங்கண்ணே.”

அவர் குழிக்குப் பக்கத்தில் மண்டிக் கிடந்த கருவேல முள்ளை வெட்டத் தொடங்கினார்.