சாக்குப் படுதாவுக்கு அந்தப்பக்கம்

...அதுவும் சிரித்துக்கொண்டா அடிக்கிறாள், இல்லை, சிரிக்கவில்லை, துருத்தியின் மூச்சுதான் அப்படிக் கேட்கிறது, ஆனாலும் சுயம்புவின் காதில் சிரிப்பாகவே விழுந்தது. டிங் என்று சின்னச் சுத்தி, தொம் என்று சம்மட்டி. டிங், அவன் சித்தப்பா மகன் கோமதிநாயகம். தொம், சுயம்புவின் பெண்டாட்டி முருகம்மாள். சின்னச் சுத்தி இடம் காட்டும், சம்மட்டி அங்கே விழும். எது முன்னால் விழுகிறதோ அந்தக் கைதான் தொழில் தெரிந்த கை, கண்ணை மூடிக்கொண்டே சொல்லிவிடலாம். ஐம்பத்தைந்தாம் வருஷம் கல்யாணம் முடிந்து தாராவிக்கு வந்ததிலிருந்து பதினோரு வருஷம் அவன் காட்டிய இடத்தில் விழுந்த சம்மட்டி, இன்று படுதாவுக்கு அந்தப்பக்கம், அடுத்த உலையில், இன்னொருத்தன் காட்டுகிற இடத்தில்... சயான் ஆஸ்பத்திரியில் போட்ட கட்டுக்குள் வெந்த உள்ளங்கை விண்விண்ணென்று தெறித்தது. கை வலிக்கிறதா, வயிறு எரிகிறதா? வயிறுதான், அதில் ஒளிக்க என்ன இருக்கிறது?

எல்லாம் அந்தச் செம்பூர் ஸ்டூடியோக்காரனால் வந்தது. மாயலோகப் படமாம், அரக்கனுக்கு வாளாம், மோதினால் கணீரென்று கேட்க வேண்டுமாம், "ஆவாஸ் மங்க்தா" என்று காதைத் தட்டிக் காட்டிவிட்டுப் போனான். சாயங்காலம் வந்து தட்டிப் பார்ப்பான், பிடித்துவிட்டால் இன்னும் இருபது வாள். கதை வேறு சொன்னானே, அந்த லோகத்துக் கொல்லன் இரும்பை உற்றுப் பார்த்தாலே அது வாளாகிவிடுமாம். உலை கிடையாது, சம்மட்டி கிடையாது. கொடுத்துவைத்தவன், பெண்டாட்டியை எவன் பட்டறைக்கும் அனுப்ப வேண்டியதில்லை. சுயம்புவின் கை வெந்ததும் வேலை கோமதிநாயகத்திடம் போயிற்று, அவனுக்கோ சம்மட்டிக்கு ஆளில்லை. "வேல நம்ம குடும்பத்த விட்டுப் போவக் கூடாதுல்லா, நான் போயி அடிச்சுக் குடுத்துட்டு வாறேன்" என்று முருகம்மாள் முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு கிளம்பிவிட்டாள். அவனைக் கேட்கவா செய்தாள்? அங்கே ஒரு அதட்டல் இல்லை, ஒரு ஏச்சு இல்லை, டிங் தொம், டிங் தொம், என்ன ஒற்றுமை, இங்கே என்றால் "ஏட்டி, கண்ண எங்க வச்சிருக்க?" என்று அவன் கத்தாமல் ஒரு நாள் போனதுண்டா...

அடி நின்றுவிட்டது. வாளி இழுபடுகிற சத்தம். தண்ணீரா? பாவி, தண்ணீரிலா தோய்க்கப் போகிறான்! அது லாரி ஸ்பிரிங் பட்டை, குர்லாவில் சுயம்புவே பொறுக்கி வாங்கி வந்தது, பழுக்கக் காய்ச்சித் தண்ணீரில் விட்டால் கீறிக்கொண்டு போய்விடும். கோமதிநாயகத்துக்கு அது தெரியாது, தாழ்ப்பாளும் கீலும் அடிக்கிறவன். ஒரு குரல் கொடுத்தால் போதும். சுயம்பு வாயைத் திறந்தான், மூடிக்கொண்டான். வெடிக்கட்டும். கணீரென்று வெடிக்கட்டும், அந்த ஒற்றுமை வெடிக்கட்டும், சாயங்காலம் அவள் தலையைத் தொங்கப் போட்டுக்கொண்டு வரட்டும்...

"மதினி, தண்ணியில விட்ருவமா?"

"ஐயோ, வேண்டாம் தம்பி, லாரிப் பட்டைல்லா, வெடிச்சிரும். எண்ணெ டப்பாவ இழுங்க."

இவளுக்கு யார் சொன்னது? அவன் சொல்லவில்லை. லாரிப் பட்டையில் அடித்த முதல் உளி தண்ணீரில் வெடித்த அன்று அவன் ஆத்திரத்தில் வெளியே போனான், திரும்பி வந்தபோது கைக்கெட்டும் தூரத்தில் எண்ணெய் டப்பா இருந்தது, அடுத்த உளியை அதில் விட்டான், வெடிக்கவில்லை, தானே கண்டுபிடித்ததாக மாஹிம் வரைக்கும் போய்ப் பெருமையடித்தான். அந்த டப்பாவை அங்கே வைத்தது யார்? படுதாவுக்கு அந்தப்பக்கம் எண்ணெய் சீறி அடங்கியது. வாள் வெடிக்கவில்லை. இனி வாளின் பிடிக்கு மேலே வைக்கிற குறுக்குப் பட்டை, மறுபடியும் துருத்தி, மறுபடியும் அடி. சுயம்பு மூச்சை அடக்கிக்கொண்டு கேட்டான்.

தொம். டிங். தொம். டிங்.

சம்மட்டிதான் முன்னால் விழுந்தது. கோமதிநாயகத்தின் மேலிருந்த எரிச்சல் சட்டென்று போக இடமில்லாமல் நின்றது, பிறகு அது மெல்ல முருகம்மாள் பக்கம் திரும்பியது, வேறு மாதிரி எரிந்தது. அப்படியானால் இந்தப் பதினோரு வருஷம் இந்தப்பக்கத்து உலையில் எது முன்னால் விழுந்தது? நினைத்து நினைத்துப் பார்த்தான். கத்திக்கொண்டே இருந்ததில், அதை அவன் ஒரு நாளும் கேட்டதில்லை.