டைட்டஸ் கத்தாத ஞாயிறு

டைட்டஸ் அடிவாங்கும்போது ஏன் ஒருவர்கூட அவன் பக்கம் சேரவில்லை என்பது ஐந்து வாரமாக எனக்குப் பிடிபடவில்லை. நியாயப்படி சேர்ந்திருக்க வேண்டும். அவன் ஐம்பத்தெட்டு கிலோ. எதிரில் பரத் நூற்றுப்பத்து. பழைய தங்கச் சுரங்க ஊரான எங்கள் ஊரில், நந்திதுர்க் பக்கம் ஒரு கல்யாண மண்டபத்தில் ஞாயிறு மதியம் நடக்கும் எங்கள் குஸ்தி ஷோவில் நான் ரெஃப்ரி. யார் ஜெயிப்பது என்று முன்பே பேசிவைத்த ஆட்டம்தான். வருகிறவர்களுக்கும் அது தெரியும். தெரிந்தும் ஒருவனுக்காகத் தொண்டை கட்டும்வரை கத்துவார்கள். அந்த ஒருவன் எப்போதும் பரத்தாகவே இருந்தான்.

விழுவதில் டைட்டஸ் கெட்டிக்காரன். மேடைப் பலகைக்கு அடியில் மத்தளத்துக்குள் இருப்பதுபோல வெற்றிடம் விட்டிருக்கிறோம். முதுகை முழுதாகப் பரப்பி, இரண்டு கைகளையும் ஒரே நேரத்தில் அறைந்து விழுந்தால் அடி உடம்பெங்கும் பிரிந்துபோகும். வலி கொஞ்சம், சத்தம் மண்டபம் முழுக்க. போதாதென்று, பரிதாபம் வரட்டுமே என்று வாராவாரம் கத்தலைக் கூட்டிக்கொண்டே போனான். முன்வரிசை பார்வதம்மா, "இன்னாப்பா இது, ஊசி போட்ட மாதிரி கத்துறான்" என்றதும் எல்லோரும் சிரித்தார்கள்.

இந்த வாரமும் டைட்டஸுக்காக ஒரு குரல் எழாவிட்டால் பெங்களூரிலிருந்து வேறு ஆள் என்று ஷோ நடத்தும் ஆபிரகாம் சொல்லிவிட்டார். தினமும் மாரிகுப்பத்தில் ரயிலேறி பெங்களூர் போய் ஏதோ ஒரு ஆபீஸ் வாசலில் செக்யூரிட்டியாக நிற்கும் டைட்டஸை, பெயர் சொல்லி மைக்கில் கூப்பிடுகிற இடம் இது ஒன்றுதான்.

அன்று பார்த்து அவன் மனைவி வினோலியா வந்திருந்தாள். எல்லாம் ஆக்டிங், ஒரு அடியும் படாது என்று பைபிள்மேல் கைவைத்துச் சொல்லித்தான் அவளிடம் அனுமதி வாங்கியிருந்தான்.

மூன்றாவது நிமிடத்தில் பரத்தின் பூட்ஸ் தவறி டைட்டஸின் கால் கட்டைவிரல்மேல் இறங்கியது, நிஜமாகவே. டைட்டஸ் வாயைத் திறந்தான். இரண்டாம் வரிசையில் வினோலியாவைப் பார்த்தான். மூடிக்கொண்டான். கண்ணில் நீர் முட்ட அவளைப் பார்த்துச் சிரித்தான். பிறகு அந்தக் காலை மற்றதற்குப் பின்னால் ஒளித்துக்கொண்டு, ஒற்றைக்காலில் நின்றபடி பரத்தைக் கையசைத்துக் கூப்பிட்டான்.

பார்வதம்மா எழுந்தார்.

"டேய் பெரியவனே, உட்றா அவன. காலு போயி கீது, சொல்ல மாட்டேன்றான் பாரு."

அவருக்குப் பின்னால் மொத்த மண்டபமும் எழுந்து டைட்டஸ் பெயரைச் சொல்லிக் கத்தியது. பரத் மிரண்டுபோய் என் காதருகே குனிந்தான். "அண்ணா, நெஜமாவே ஏதுனா ஆயிடுச்சா? நானே தோத்துடட்டா?"

பேசிவைத்தபடி டைட்டஸ்தான் தோற்றான். கத்தாமல் உட்கார்ந்திருந்தவள் வினோலியா மட்டும். வந்து அவன் ஷூவைக் கழற்றிப் பார்த்துவிட்டு, "வூட்டுக்கு வாங்க, ஆக்டிங்க பத்திப் பேசலாம்" என்றாள்.

என்ன பேசினார்களோ, விரல் ஆறி மூன்று வாரம் கழித்து இருவரும் சேர்ந்தே வந்தார்கள். நோட்டீஸில் ஆபிரகாம் டைட்டஸ் பெயரை முதலில் போட்டிருந்தார். ஒத்திகையில் அவன் பழையபடி கத்த ஆரம்பித்ததும் நிறுத்தினேன். வலியை அவனே கத்திச் சொல்லிவிட்டால் பார்ப்பவர்களுக்கு வேலை இல்லை. அவன் மறைத்தால், கண்டுபிடித்தவர் ஒவ்வொருவரும் அவனுக்காகக் கத்தியே ஆகவேண்டும். அதனால் இப்போது செய்வது இவ்வளவுதான்: அடி விழுந்ததும் டைட்டஸ் வாயை மூடுகிறான், ஒரு காலைப் பின்னால் ஒளிக்கிறான், நான் மனதுக்குள் நான்கு எண்ணும்வரை சிரித்துக்கொண்டு நிற்கிறான். மூன்றிலேயே மண்டபம் எழுந்துவிடுகிறது.